எழுந்திருக்காத நாற்பத்து மூன்று பேர்

1937ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, மதிய ஆட்டம் பார்ப்பதற்காக ஹைதாவ் ஊர் நாடகக் கொட்டகையில் உட்கார்ந்த நாற்பத்து மூன்று பேர், அதற்கப்புறம் முப்பத்தைந்து ஆண்டுகள் எழுந்திருக்கவில்லை. இடப்பக்கத்து பெஞ்சுகளில் இருபத்தொரு பேர், வலப்பக்கத்தில் இருபத்திரண்டு பேர். மூன்றாவது வரிசை ஓரத்தில் பச்சைப் பருத்திச் சட்டையும் மடியில் ஒரு பொட்டலம் தர்பூசணி விதையுமாக இருந்தவள் சாய்ஹா. அப்போது அவளுக்கு வயது இருபத்து மூன்று. கணவன் முந்தின வருடமே மலேரியாவில் போய்விட்டான். மூன்று வயது மகள் கின்சுன்னைக் கொட்டகைக்கு எதிரில் மீன் கஞ்சிக் கடை வைத்திருந்த அக்காவிடம் ஒப்படைத்து, "ஆட்டம் முடிஞ்சதும் ஓடி வந்துடுறேன்க்கா" என்று சொல்லிவிட்டுத்தான் உள்ளே போயிருந்தாள்.

திருடன் என்று தவறாகப் பிடிபட்ட ஓர் இளவரசனின் கதை அன்று. தைவான் தீவில் அந்த நாளில் ஆண் வேடத்தையும் பெண்களே கட்டினார்கள். இளவரசனாக வந்தவள் யாவூன், பதினெட்டு ஊர்களில் பெண்கள் ஏங்கிக் கிடந்த நடிகை. நீதிபதி தீர்ப்பெழுதத் தூரிகையைக் கையில் எடுத்தார். அந்த நேரம் பார்த்து ஒரு போலீஸ்காரர் சைக்கிளை வாசலில் சாத்திவிட்டு மேடையேறி, சீனத்தோடு போர் மூண்டுவிட்டதால் இனி தீவில் மேளமும் தாளமும் கூடாது என்ற அப்போது அங்கே ஆண்ட ஜப்பானிய அரசின் உத்தரவை வாசித்தார். நடிகர்கள் பெட்டியைக் கட்டினார்கள். கூட்டம் முணுமுணுத்துக்கொண்டே கலைந்தது. நாற்பத்து மூன்று பேர் மட்டும், முடிவைப் பார்க்காமல் போவதில்லை என்று உட்கார்ந்திருந்தார்கள். போலீஸ்காரர் முன் வரிசைக் கிழவர் ஒருவரின் அக்குளில் கை கொடுத்துத் தூக்கிப் பார்த்தார். கிழவரோடு சேர்ந்து பெஞ்சும் எழும்பியது. அவர் பெஞ்சைக் கீழே வைத்து, குறிப்பேட்டில் "நாற்பத்து மூன்று பேர், அமைதியாக உள்ளனர்" என்று எழுதிக்கொண்டு கிளம்பினார்.

ஊர் இதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அவர்கள் சாப்பிடவில்லை, தூங்கவில்லை, வயதாகவும் இல்லை; மேடையைப் பார்த்தபடி விதை கொறித்தார்கள். பொட்டலங்கள் தீரவேயில்லை. தினமும் இரண்டு கூடைத் தோல் சேர்ந்தது. பக்கத்துச் சோயாக் கட்டிக் கடைக்காரர் அதை அடுப்பெரிக்க வாங்கிப் போனார். கொட்டகை சில வருடம் அரசாங்கச் சொற்பொழிவு மண்டபமாக இருந்தது, பிறகு அரிசிக் கிடங்காக. 1945இல் ஒரு குண்டு கூரையின் பாதியைக் கொண்டுபோனது. அந்த மழைக்காலம் முழுக்க ஊர்க்காரர்கள் முறை வைத்துக்கொண்டு அவர்களுக்குக் குடை பிடித்தார்கள். பின்வரிசைக்காரர்கள் குடை மறைக்கிறது என்று சத்தம் போட்டார்கள். போர் முடிந்து கொட்டகை சினிமாத் தியேட்டரானபோது, முதலாளி சுவா, காசு வராமல் அடைபட்டுக் கிடக்கும் அந்த நாற்பத்து மூன்று இடங்களையும் காலி செய்து தரும்படி நகராட்சியில் மனுக் கொடுத்தார். ஆய்வாளர் ஒருவர் வந்து டிக்கெட்டுகளை வாங்கிப் பார்த்தார். எல்லாம் செல்லுபடியாகும் டிக்கெட்டுகள். ஆட்டமும் இன்னும் முடியவில்லை. சட்டம் அவர்கள் பக்கம் இருந்தது.

கின்சுன் அந்த நடைபாதையில்தான் வளர்ந்தாள். பள்ளிக்கூடம் விட்டதும் அம்மாவின் காலடியில் உட்கார்ந்து பாடம் எழுதுவாள். அம்மா பேசாமல் இருந்தாள் என்று சொல்ல முடியாது. "எப்பம்மா வருவ?" என்று கேட்டால், "இதோ, முடியப் போகுதுடி கண்ணு" என்பாள். ஆனால் திரும்பிப் பார்க்க மாட்டாள். அந்த நாற்பத்து மூன்று பேரின் கண்களும் மேடையை விட்டு நகர்ந்ததே இல்லை. ஒன்பது வயதில் கின்சுன் ஒரு யோசனை செய்தாள். அம்மா பார்ப்பது மேடையைத்தானே? புதுச் சட்டை போட்டு, தலையை இழுத்துப் பின்னி, மேடையின் நட்டநடுவில் போய் நின்றாள். நாற்பத்து மூன்று குரல்கள் ஒன்றாக எழுந்தன: "யார் வீட்டுப் பிள்ள அது? நகரு, மறைக்குது!" அதில் அம்மாவின் குரலும் இருந்தது. அன்று பெரியம்மா கடையில் இரண்டு கிண்ணம் கஞ்சி குடித்துத்தான் கின்சுன்னின் அழுகை அடங்கியது.

"உங்கம்மா சின்ன வயசுலயே அப்படித்தான்" என்றாள் பெரியம்மா, மீனை ஆய்ந்துகொண்டே. "ஒரு கல்யாணத்துக்குக் கூட்டிப்போனா கடைசிப் பந்தி எழுந்திருக்கற வரைக்கும் நகர மாட்டா. நீ அழுது என்ன ஆகப்போகுது? மூக்கைத் துடை."

பத்தொன்பது வயதில் கின்சுன் உப்பு லாரி ஓட்டும் போக்சுவானைக் கட்டிக்கொண்டாள். கல்யாணத்தைக் கொட்டகையிலேயே, மூன்றாவது வரிசைக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டார்கள். மணமக்கள் குனிந்து வணங்கியபோது சாய்ஹா, "நல்லா இருங்க, நல்லா இருங்க. மாப்பிள்ள கொஞ்சம் குனிஞ்சாப்பல இருங்க, தெரியல" என்றாள். போக்சுவான் உயரமான ஆள். மாமியாரின் அந்த வார்த்தையை அவன் மதித்தான்; அதன்பின் கொட்டகைக்குள் அவன் நிமிர்ந்து நடந்ததே கிடையாது.

குழந்தைகள் பிறந்தார்கள், பள்ளிக்கூடம் போனார்கள். கின்சுன் அம்மாவின் வயதைத் தொட்டாள், தாண்டினாள், முப்பதும் தாண்டினாள். அவளுக்கு வேறு பெரிய ஆசைகள் இல்லை. தன் முகத்தை அம்மா ஒருமுறை பார்க்க வேண்டும், அவ்வளவுதான். கண்ணாடியில் முதல் நரையைப் பார்த்த அன்று அவளுக்குப் பயம் பிடித்துக்கொண்டது. இப்படியே போனால் தான் கிழவியாகிச் செத்தும் போவோம், அம்மா பச்சைச் சட்டையோடு மேடையைப் பார்த்துக்கொண்டே இருப்பாள் என்று தோன்றியது.

நாடகத்தை முடித்துவிட்டால் எழுந்துவிடுவார்கள் என்பது எல்லோருக்கும் தெரிந்ததுதான். எப்படி முடிப்பது என்பதுதான் சிக்கல். அந்த நாடகங்களுக்கு எழுதிவைத்த வசனம் கிடையாது. கதை சொல்பவர் காலையில் எல்லோரையும் கூட்டி இன்னார் வருவார், இன்னது செய்வார் என்று சொல்வார்; மீதியை நடிகர்கள் மேடையிலேயே பாடியும் பேசியும் நிரப்பிக்கொள்வார்கள். அந்தக் கதை சொன்னவர் மறு வருடமே காய்ச்சலில் இறந்துபோயிருந்தார். 1946இல் மேளத்துக்குத் தடை நீங்கியதும் ஒரு குழு வந்து இளவரசனை விடுதலை செய்து முடித்துப் பார்த்தது. நாற்பத்து மூன்று பேரும் ஆர்வமாகப் பார்த்தார்கள், சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்தார்கள், முடிந்தபின் மேற்கொண்டு விதையைக் கொறித்தார்கள். 1955இல் வந்த பரிசு வாங்கிய குழு, இளவரசனுக்கும் நீதிபதியின் மகளுக்கும் கல்யாணமே செய்து வைத்தது. அப்போதும் ஒருவரும் அசையவில்லை. இரண்டு தடவையும் ஊரே திரண்டு வந்தது. கட்டடம் தாங்காது என்று பயந்து சுவா முதலாளி டிக்கெட் இல்லாதவர்களை வெளியே நிறுத்திக் கதவைத் தாழ் போட்டிருந்தார்.

1972இல் சந்தையில் லாரி மேல் நின்று பாட்டுப் பாடி வயிற்றுவலிப் பொடி விற்றுக்கொண்டிருந்த ஒரு கட்டைக்குரல் அம்மாளைப் பார்த்துப் பெரியம்மா கையிலிருந்த மீன்கூடையைக் கீழே போட்டாள். அது யாவூன். இளவரசனுக்கு இப்போது ஐம்பத்தாறு வயது, முழங்கால் வலி வேறு. கின்சுன் அவள் கையைப் பிடித்துக்கொண்டு விஷயத்தைச் சொன்னாள்.

"இன்னுமா உக்காந்திருக்காங்க?" என்று யாவூன் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு கண் கலங்கியது, பிறகு சிரிப்பு வந்தது. "எனக்கு இந்த மாதிரி ரசிகருங்க இருக்காங்கன்னு தெரிஞ்சிருந்தா நான் ஏன்டியம்மா வயித்துவலிக்குப் பொடி விக்கறேன்?"

ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் ஆட்டம் வைத்தார்கள். தொலைக்காட்சி வந்து தியேட்டர் ஈயோட்டிக்கொண்டிருந்த காலம். சுவா முதலாளிக்கு வாயெல்லாம் பல். இந்த முறை கதவுக்குக் காவல் கின்சுன்னே நின்றாள். எந்தச் சந்தடியும் அம்மாவைக் கலைக்கக் கூடாதென்று இரண்டு தாழ்களையும் போட்டு, சாவியை இடுப்பில் செருகிக்கொண்டாள். டிக்கெட் இல்லாத முந்நூறு பேர் தெருவில் நின்று கதவைத் தட்டினார்கள். உள்ளே யாவூன், முழங்கால் வலியை மறந்து, விட்ட இடத்திலிருந்து தொடங்கினாள். இளவரசன் வாதாடினான், அழுதான், வளர்த்த தாயை அடையாளம் கண்டான், அரியணை ஏறினான். கைதட்டல் கூரையைப் பிய்த்தது. யாவூன் மூன்று முறை குனிந்து வணங்கினாள். நாற்பத்து மூன்று பேரும் விதை கொறித்தார்கள்.

கின்சுன் மூன்றாவது வரிசைக்கு வந்தாள். முப்பத்தைந்து வருடமாக ஒரே கேள்வியைத்தான் கேட்டிருந்தாள். ஆத்திரத்தில் முதல் தடவையாக அவள் வாயில் வேறு கேள்வி வந்தது.

"உனக்கெல்லாம் இன்னும் என்னதாம்மா வேணும்? திருடனை ராஜாவாக்கியாச்சு! அதுக்கு மேல என்ன முடிவு வரும்?"

"என்கிட்ட ஏன்டி கத்தற?" என்றாள் சாய்ஹா, மேடையைப் பார்த்தபடி. "முடியப் போகுதுன்னா கதவைத் தொறப்பாங்கல்ல? இன்னும் தொறக்கலியே."

பக்கத்தில் இருந்தவர்களும் ஆமாம் ஆமாம் என்று தலையாட்டினார்கள். முன் வரிசைக் கிழவர், "கதவைத் தொறக்காம எந்த ஊர்ல ஆட்டம் முடிஞ்சிருக்கு?" என்று கேட்டார்.

அப்போதுதான் பழைய ஆட்களுக்கு உறைத்தது. அந்தக் காலத்தில் ஆட்டம் முடிய ஒரு கால் மணி இருக்கும்போது கொட்டகைக் கதவுகளை அகலத் திறந்துவிடுவார்கள். டிக்கெட் வாங்க வக்கில்லாதவர்கள், தெருவில் விளையாடும் பிள்ளைகள், கூடைக்காரிகள், வண்டி இழுப்பவர்கள் எல்லோரும் திமுதிமுவென்று ஓடி வந்து, கிடைத்த இடத்தில் நின்று, நாடகத்தின் வாலை மட்டும் இலவசமாகப் பார்த்துவிட்டுப் போவார்கள். வால் பொறுக்குவது என்று அதற்குப் பெயர். சினிமா வந்தபின் அந்த வழக்கம் நின்றுபோய், ஊரே அதை மறந்திருந்தது. மறக்காதவர்கள் நாற்பத்து மூன்று பேர்தான்.

கின்சுன் கதவை நோக்கி நடந்தாள். சுவா முதலாளி குறுக்கே விழுந்தார்.

"கின்சுன், வேணாம்மா! காசு குடுத்தவன்லாம் என்னை உண்டு இல்லன்னு பண்ணிடுவான்!"

"நகருங்க முதலாளி. யாவூன் அக்கா, இன்னொரு கால் மணி நேரம் முடியுமா?"

"ராஜா ஆனவன் மறுபடி ஜெயிலுக்குப் போகணும், அவ்வளவுதானே?" என்று மேடையிலிருந்து குரல் வந்தது. "மேளத்தை அடிங்கடா!"

தாழ்கள் விழுந்தன. முந்நூறு பேர் ஒரே அலையாக உள்ளே வந்தார்கள். கின்சுன்னால் ஓரத்தில் ஒதுங்க முடியவில்லை. செருப்பு ஒன்று போயிற்று, கொண்டை அவிழ்ந்தது, ஒரு வாத்துக்காரியின் கூடை முதுகில் இடித்தது. அப்படியே நடைபாதையோடு அவளை அடித்துக்கொண்டு போனார்கள். உட்கார்ந்திருந்த நாற்பத்து மூன்று பேரும் அப்போது, வால் பொறுக்க வருகிறவர்கள் யார் யார் என்று பார்ப்பதற்காக, வழக்கம்போலத் தலையைத் திருப்பினார்கள்.

சாய்ஹா மகளை உச்சி முதல் ஒற்றைச் செருப்பு வரை பார்த்தாள்.

"ஏன்டி, பெரியம்மாகிட்ட இருன்னு சொல்லிட்டுத்தானே வந்தேன்? ஓடி வந்துட்டியா?" என்றாள். "பாரு, தலையெல்லாம் எப்படிப் பறக்குதுன்னு. என்ன வளர்த்தி வளர்ந்திருக்க! சரி சரி, நிக்காத, பின்னால மறைக்குது. மடியில உக்காரு."

கின்சுன் உட்கார்ந்தாள். எழுபத்திரண்டு கிலோ எடையோடு, இருபத்து மூன்று வயதுத் தாயின் மடியில், நாடகத்தின் கடைசிக் கால் மணி நேரத்தைப் பார்த்தாள். பார்த்தாள் என்று சொல்வது சரியில்லை. அம்மா மேடையைப் பார்த்தாள், மகள் அம்மாவைப் பார்த்தாள். நடுநடுவே அம்மாவும் திரும்பி அவள் முகத்தைப் பார்த்து, "எங்கம்மா ஜாடை அப்படியே" என்று சொல்லிக்கொண்டாள். இளவரசனுக்குக் கடைசியில் என்ன ஆயிற்று என்று கேட்டால் அன்றிருந்தவர்கள் ஆளுக்கொன்று சொல்வார்கள். அவ்வளவு இரைச்சல். மேளம் ஓய்ந்ததும் நாற்பத்து மூன்று பேரும் எழுந்து, சட்டையில் ஒட்டிய தோலை உதறி, நல்ல ஆட்டம்தான், ஆனால் இளவரசன் கொஞ்சம் குண்டு என்று பேசிக்கொண்டே வெளியே போனார்கள். சாய்ஹாவுக்கு மட்டும் கால் மரத்துப்போய் எழ முடியவில்லை. போக்சுவான் முதுகு குனிய வந்து மாமியாரைத் தூக்கிக்கொண்டான். பெரியம்மா கடை வாசலில் கரண்டியோடு நின்றாள். "வந்துட்டாளா மகாராணி? ஒரு ஆட்டம் பார்க்க இவ்வளவு நேரமாடி?" என்று கேட்டுவிட்டுத் தங்கையைக் கட்டிக்கொண்டு அழுதாள். சிரித்தும் இருக்கலாம்.

பதிவு அலுவலகத்தில் எழுத்தர் பிறந்த ஆண்டு 1914, வயது இருபத்து மூன்று என்று இரண்டையும் எழுதி முத்திரை குத்தினார். அந்த வாரத்தில் அது அவருக்குப் பதினாறாவது ஆள். சாய்ஹா மகளுக்குத் தினமும் எண்ணெய் தடவித் தலை பின்னிவிட்டாள், வெயிலில் அலையாதே என்று திட்டினாள், பதினெட்டு வயதுப் பேத்தியோடு சேர்ந்து சந்தையில் குட்டைப் பாவாடை எடுத்தாள். அதைக் கின்சுன் கண்டித்தபோது, "பெத்தவளுக்கே புத்தி சொல்றியா?" என்று இரண்டு நாள் பேசாமல் இருந்தாள். சுவா முதலாளியின் தியேட்டரில் இப்போது மாதம் இரண்டு நாடகம். கடைசிக் கால் மணிக்குக் கதவைத் திறந்துவிடுகிறார். யாவூன் இளவரசனாகவே இருக்கிறாள், முழங்காலில் துணி சுற்றிக்கொண்டு.

1975இல் சாய்ஹா சைக்கிள் கடைக்காரர் ஒருவரை விரும்பினாள். நல்ல மனிதர், குடி கிடையாது என்று விசாரித்துத் தெரிந்துகொண்டபின் கின்சுன் முன்னின்று கல்யாணத்தை நடத்தி வைத்தாள். மறு வருடம் ஆண் குழந்தை பிறந்தது. அம்மா கடையைப் பார்த்துக்கொள்ளும் வேளைகளில் கின்சுன் அவனை முதுகில் துணியால் கட்டிக்கொண்டு மீன் வாங்கப் போவாள். யார் பிள்ளை என்று கேட்பவர்களிடம், "என் தம்பி" என்பாள். அவர்களும் தம்பிக்கு எத்தனை பல் முளைத்திருக்கிறது என்று விசாரித்துவிட்டு, மீன் விலைக்குத் திரும்புவார்கள்.