ஓரத்தில் யார்?

முன்னோக்கி வளைந்த இறக்கை வானத்தில் ஏறும் நாளில் பூமியில் மூடநம்பிக்கை ஒழிந்துவிடும் என்று வெனியமின் அர்கதியெவிச் அறிவித்தான். அறிவித்தபோது விமானத்தளத்து உணவகத்தின் வரிசையில் ஈரத் தட்டோடு நின்றிருந்தான். ஆனாலும் அதில் விளையாட்டு துளியும் இல்லை. அந்த இறக்கையின் வலுவைக் கணக்கிட்டவன் அவன்தான்.

மற்றப் போர்விமானங்களுக்கு இறக்கை பின்னால் சாயும். இதற்கு மட்டும், யாரையோ கட்டிப்பிடிக்க ஓடிவருகிறவனின் கைகள் போல முன்னால் நீண்டிருந்தது. வேகம் கூடினால் இந்த மாதிரி இறக்கை முறுக்கிக்கொண்டு பிய்ந்துபோகப் பார்க்கும். பிய்யாமல் இருக்கக் கார்பன் இழைகளை எந்தக் கோணத்தில் அடுக்குவது என்று வெனியமின் மூன்று வருடம் கணக்குப் போட்டிருந்தான். அதில் தலைமுடி கொஞ்சம் போயிற்று. தன்னடக்கம் முழுவதும் போயிற்று.

"இறக்கையைத் திருப்பி மாட்டிட்டாங்கன்னு ஊரே பேசிக்குது," என்றாள் கரண்டியோடு நின்ற ஃபைனா.

"ஊரு பேசட்டும். நாளைக்கு ரெண்டு மணிக்கு அது பறக்கும். அப்புறம் இங்க எவனும் அந்தச் சொல்லுக்குப் பயப்பட மாட்டான்."

அந்தச் சொல் "கடைசி". இந்தத் தளத்தில் அதை யாரும் வாயில் வைப்பதில்லை. கடைசிப் பறப்பு என்று சொல்லிவிட்டால் அதற்குப் பிறகு பறப்பே இல்லை என்றாகிவிடுமாம். அதனால் "ஓரம்" என்பார்கள். ஓரத்துப் பறப்பு, ஓரத்து ஸ்க்ரூ, ஓரத்துக் கோப்பைத் தேநீர். தலைமை மெக்கானிக் ப்ரோகோர் சவ்விச் தன் மூன்றாவது மகளைக்கூட ஓரத்துப் பிள்ளை என்றுதான் சொன்னார். பிறகு இன்னும் இரண்டு பிறந்தன. சொல் வேலை செய்கிறது என்பதற்கு அவரிடமிருந்த ஆதாரம் அது.

இன்று வெனியமின் உணவகத்துக்குள் நுழைந்ததுமே, "வரிசையில யாருங்க கடைசி?" என்று உரக்கக் கேட்டிருந்தான். இரண்டு பேர் கெட்டது அண்டாமலிருக்க இடது தோளுக்கு மேலாக மூன்று முறை துப்பினார்கள். ஒருவர் சூப்பில் உப்பு போடுவதை நிறுத்திவிட்டார்.

"டேய் வென்யா," என்றார் ப்ரோகோர் சவ்விச், "நீ பறக்கப் போறதில்ல. பறக்கப் போற மனுஷன் அதோ உக்காந்திருக்கார். வாயக் கழுவு."

அதோ உட்கார்ந்திருந்தவர் சோதனை விமானி ஸகார் இல்யிச். பறப்புக்கு முன்னால் சவரம் செய்யாதவர். மூன்று நாள் தாடி. விமானத்தில் ஏறும் முன் அதன் கன்னத்தில் மூன்று தட்டுத் தட்டி, தலையைச் சாய்த்துக் காதை வைத்துக் கொஞ்ச நேரம் கேட்பார்.

"அதுக்குக் காது எங்க இருக்குன்னு வரைபடத்துல காட்டுங்க ஸகார் இல்யிச், நான் வலுப்படுத்தித் தரேன்," என்றான் வெனியமின்.

"உன் வரைபடத்துல இருக்காதுப்பா," என்று விமானி முட்டைக்கோஸ் சூப்பைக் குடித்தார்.

வெனியமின் கட்லெட் இரண்டும் கிரேச்கா தானியக் கஞ்சி இரண்டு தட்டும் சாப்பிட்டான். அறிவியலுக்கு அது தேவையில்லை. ஆனால் பிறகு நடந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

அன்று இரண்டு மணிக்கு எஞ்சினைத் தரையில் ஓட்டிப் பார்க்க வேண்டும். ஒன்றேகாலுக்கு மற்றவர்கள் தேநீரில் இருந்தபோது அவன் ஏணியில் ஏறி, காற்று உள்ளே போகும் குழாயில் தலையை விட்டான். வளைவுக்கு அருகே ஒட்டு ஒன்று சரியாக இருக்கிறதா என்று சந்தேகம். டார்ச்சைப் பிடித்தபடி ஊர்ந்தான். ஒட்டு சரியாகத்தான் இருந்தது. திரும்பலாம் என்று பின்னால் நகர்ந்தான். நகரவில்லை.

கை இரண்டும் தலைக்கு முன்னால் நீண்டிருந்தன. கம்பளிச் சட்டை சுருண்டு அக்குளில் ஆப்பு போல இறுகியது. மூச்சை வெளியே விட்டால் ஒரு விரல் இடம் கிடைத்தது. உள்ளே இழுத்தால் கட்லெட் அதைப் பிடுங்கிக்கொண்டது. இந்தக் குழாயின் குறுக்களவை நூறு முறை எழுதியிருக்கிறான். அதற்குள் தான் இருக்கும்போது எவ்வளவு என்று எழுதியதில்லை. முகத்துக்கு எதிரே, வளைவுக்கு அப்பால், எஞ்சினின் விசிறித் தகடுகள் காற்றில் டிக், டிக் என்று தானாகச் சுற்றின. அவனைப் பார்த்து யோசிப்பது போல.

கூப்பிடலாம். ஆனால் என்னவென்று கூப்பிடுவது? "கட்லெட்டால் மாட்டிக்கொண்டேன்" என்றா? ஐந்து நிமிடத்தில் தானே வந்துவிடலாம் என்று முடிவு செய்தான். நாற்பது நிமிடம் ஆயிற்று.

அப்போதுதான் கீழே ப்ரோகோர் சவ்விச்சின் குரல் கேட்டது. எஞ்சினை ஓட்டுமுன் தளத்தைச் சுற்றி அவர் போடும் கூச்சல் அது: "ஓரத்துல யாரு? யாராவது ஓரமா?"

யாராவது மிச்சமா, விமானத்தை விட்டுக் கடைசியாக இறங்குகிறவன் எவன் என்று அர்த்தம். அது வெனியமினுக்குத் தெரியும். ஆனால் இந்தச் சொல்லுக்கு "நான்" என்று பதில் சொல்வதில்லை என்று அவன் விரதம். மேலும் அவன் ஓரத்தில் இல்லை, நடுவில் இருந்தான். கொள்கையும் மானமும் சேர்ந்து வாயைத் திறந்தன.

"ஓரத்துல யாரும் இல்ல, ப்ரோகோர் சவ்விச்!"

குரல் குழாய்க்குள் சுற்றி, விமானத்தின் மறுபக்கத்திலிருந்து வருவது போல வெளியே போனது.

"நல்லது!" என்றார் ப்ரோகோர் சவ்விச். ஏணியை இழுக்கும் சத்தம் கேட்டது.

சொன்னது என்ன என்று வெனியமினுக்குப் புரிய இரண்டு வினாடி ஆயிற்று. அந்த இரண்டு வினாடியில், எஞ்சினைக் கிளப்ப மின்சாரம் தரும் வண்டி உறுமத் தொடங்கிவிட்டது. "இருக்கேன்! உள்ள இருக்கேன்!" என்று கத்தினான். உறுமல் அதைத் தின்றது. கால்களை உதைத்தான், உதைக்க இடமில்லை. எஞ்சின் பிடித்த எத்தனையாவது வினாடியில் காற்றின் இழுப்பு தொடங்கும் என்று கணக்குப் போடக் கூடாது என்று நினைத்தான். பழக்கம், போட்டுவிட்டான். விடை சிறிய எண்.

  

அப்போது காலருகே, தகட்டுக்கு வெளியே: டொக். டொக். டொக்.

ஸகார் இல்யிச் கன்னத்தில் தட்டுகிறார். இனி தலையைச் சாய்த்துக் கேட்பார். எத்தனை நேரம் என்று வெனியமின் ஒரு நாளும் அளந்ததில்லை, சிரித்துக்கொண்டே இருந்துவிட்டான்.

டார்ச்சால் குழாயை அடித்தான். மூன்று முறை.

வெளியே ஒன்றும் நடக்கவில்லை. பிறகு மறுபடி, மிக மெதுவாக: டொக். டொக். டொக். அவன் மூன்று முறை அடித்தான். அழுதுகொண்டே அடித்தான் என்பதைப் பின்னால் யாரிடமும் சொல்லவில்லை.

உறுமல் நின்றது.

"ப்ரோகோர்," என்றது விமானியின் குரல், "இவ பதில் சொல்றா."

"யாரு?"

"இவதான். இருபத்தாறு வருஷமா எல்லா விமானத்தையும் தட்டுறேன். இன்னிக்குத்தான் ஒருத்தி பதில் சொல்றா."

"நான்தாங்க!" என்று கத்தினான் வெனியமின். "உள்ள இருக்கேன்!"

ஏணி வந்தது. குழாய் வாயில் ப்ரோகோர் சவ்விச்சின் மூச்சுக் கேட்டது. "ஓரத்துல யாரும் இல்லன்னு சொன்ன நாய் எது?"

"நான்தான். நான் நடுவுல இருக்கேன்."



"வெளிய வாடா, கொன்னுடறேன்."

"வர முடியல."

கால்களைப் பிடித்து இழுத்தார்கள். பூட்ஸ் மட்டும் வந்தது. தகட்டை அறுத்து எடுக்கலாம் என்றார் ஒருவர். அறுத்தால் நாளைப் பறப்பு இல்லை. எப்போது என்றும் இல்லை. "அறுக்காதீங்க!" என்று உள்ளிருந்து அலறல் வந்தது. "என்னை வேணும்னா அறுங்க!"

ஃபைனா சூரியகாந்தி எண்ணெய்க் குடுவையோடு வந்தாள். ஊற்றினாள். கால்சட்டை முதலில் வந்தது, பிறகு பொறியாளர் வந்தான். கம்பளிச் சட்டை உள்ளேயே தங்கி, தூண்டில் போட்டு எடுக்கப்பட்டது.

"திருப்பி மாட்டினது இறக்கை இல்ல போல," என்றாள் ஃபைனா.

ஸகார் இல்யிச் தன் மேல்சட்டையைக் கழற்றி அவன்மேல் போர்த்தினார். குழாயைத் துடைக்க மூன்று மணி நேரம் பிடித்தது. ஐந்தரைக்கு எஞ்சின் ஓடியது. நன்றாகவே ஓடியது.

மறுநாள் மதியம் உணவகத்தில் வழக்கமான வரிசை. பறப்புக்கு இன்னும் ஒன்றரை மணி நேரம். ஜன்னல் ஓரம் நான்கு நாள் தாடியோடு ஸகார் இல்யிச் தேநீரை ஆற்றிக்கொண்டிருந்தார். வெனியமின் உள்ளே வந்தான். உடம்பில் இன்னும் சமையல் வாசம். எல்லோரும் தட்டைப் பார்த்தார்கள்.

ஜன்னல் பக்கம் ஒருமுறை பார்த்தான். பிறகு முன்னால் நின்ற பெயின்டரின் தோளருகே குனிந்து, ஃபைனாவுக்குக் கேட்காத குரலில் கேட்டான்:

"யாருங்க ஓரம்?"