நீளக்காது

இதில் ஓர் எழுத்துகூடப் பொய்யில்லை; கடற்கரை அன்னம்மாள் கோயில் மேல் சத்தியம்.

போர் முடிந்தபின் பாரிசிலிருந்து பிரான்சின் மேற்கு மூலையான பிரெத்தாஞ் கரைக்கு வந்த படக்காரர்களுக்கெல்லாம் நடிக்கத் தெரியாதவர்கள்தான் வேண்டியிருந்தது. நிஜ மீனவன், நிஜ மழை, நிஜப் பசி. அந்த வகையில் மீனவர் மத்துரேன் பத்து வருஷமாக நடிக்காமல் நடித்துக்கொண்டிருந்தார். ஒரு படத்தில் வலை இழுத்தார். இன்னொன்றில் அதே வலையை வேறு தீவில் இழுத்தார். மூன்றாவதில் மூழ்கிச் செத்தார். அது நன்றாக அமைந்துவிட்டதால் பின்னால் வந்தவர்களும் அவரை மூழ்கடித்தார்கள். குளிர் எலும்புக்குள் குடியேறிவிட்டது. அவரைப் பிணமாகவே பார்த்துப் பழகிய மனைவி சொவாஸ், அவர் நனைந்து வீடு திரும்பினாலும் சூப்பைச் சுடவைக்க எழுந்திருப்பதில்லை.

"செத்தவனுக்கு ஆறினது போதும்," என்பாள். "ஒரு படத்துலயாவது வாயத் திறந்தியாய்யா? வலையில கெடக்கிற மீன்கூட ரெண்டு தரம் திறக்குது."

அது உறைத்தது. சாவதற்குள், அதாவது நிஜமாகச் சாவதற்குள், திரையில் ஒரு வாக்கியம் பேசிவிட வேண்டும் என்று இருந்தது அவருக்கு.

அந்த இலையுதிர்காலத்தில் போன்வலே என்ற இயக்குநர் வாக்கியத்தோடு வந்தார். படகில் நின்று கரையைப் பார்த்துச் சொல்ல வேண்டும்: 'இன்னிக்கு ராத்திரி வீட்ல முயல் கறி.'

சுக்கான் பிடித்திருந்த அண்ணன் மகன் பியெரிக் வெளுத்துப்போனான். படகேறியவன் அந்தப் பிராணியின் பெயரைச் சொல்வதில்லை. சொன்னால் படகு மூழ்கும். தவிர்க்க முடியாதபோது 'நீளக்காது' என்பார்கள், அதையும் வாய்க்குள்.

"ஐயா, கோழின்னு சொல்லிடறேனே," என்றார் மத்துரேன்.

"முயல்தான் உண்மை, பெரியவரே," என்றார் போன்வலே படகுத்துறையில் நின்றபடி. "உங்க ஜனங்க ஞாயித்துக்கிழமை அதைத்தானே சாப்பிடறாங்க?"

"சாப்பிடறோம்ங்க. பேர் சொல்றதில்ல."

"முடியாதுன்னா விடுங்க. மூழ்கற வேஷம் ஒண்ணு காலியா இருக்கு."

"சித்தப்பா, வேணாம்," என்றான் பியெரிக். "எம்பொண்டாட்டி மாசமா இருக்கா."

மத்துரேன் தண்ணீரைப் பார்த்தார். அதன் குளிரை அவருடைய ஒவ்வொரு விரலும் தனித்தனியாக அறியும். இன்னொரு தடவை அதில் இறங்கத் தெம்பில்லை. கண்ணை மூடிக்கொண்டு, மீன் ஏலத்தில் கூவுகிறவனைப்போல் கத்தினார்:

"இன்னிக்கு ராத்திரி வீட்ல முயல் கறி!"

பியெரிக்கும் படகிலிருந்த மற்ற மீனவர்களும் ஒரே சமயத்தில் கடலில் குதித்தார்கள். ஒருவனுக்கும் நீந்தத் தெரியாது. ஆனாலும் எவனும் மூழ்கவில்லை. அந்தச் சொல்லைக் கேட்ட மத்தி மீன்களெல்லாம் கூண்டோடு விரிகுடாவைக் காலி செய்துகொண்டு போனதில் தண்ணீர் இடுப்பளவுக்கு இறங்கிவிட்டது. படகு சேற்றில் மெல்ல உட்கார்ந்து ஒருபக்கம் சாய்ந்தது. மத்துரேன் மட்டும் பாய்மரத்தைக் கட்டிக்கொண்டு நின்றார்.

கரையில் சொவாஸ் நின்றிருந்தாள். கையிலிருந்த பாத்திரத்தின் மூடியிடுக்கிலிருந்து ஆவி வந்துகொண்டிருந்தது.

"கேட்டுச்சுய்யா," என்றாள்.

அன்று படகில் ஒலிவாங்கி இல்லை. அந்தப் படத்தின் பேச்சு முழுவதையும் பிறகு பாரிசில் வேறு ஆட்கள் பேசிச் சேர்த்தார்கள்.