ஏற்கெனவே வாங்கியவை

சின்னவள் தன் அண்ணனோடு பேசி மூன்று வருஷம் ஆகியிருந்தது. பேசாமல் இருப்பது அவளுக்குக் கஷ்டமாகவும் இல்லை, பழகிப்போயிருந்தது. நடுவில் ஒருநாள் இரண்டு பேரும் ஒரே பேருந்தில் ஏறிவிட்டார்கள். எதிரெதிரே கம்பியைப் பிடித்துக்கொண்டு, ஆறு நிறுத்தம் வரைக்கும் ஆளுக்கொரு ஜன்னலைப் பார்த்தபடியே வந்தார்கள். அப்படிப்பட்டவள் அவன் வீட்டுக்குப் போன் போட வேண்டியதாயிற்று. எல்லாம் டி.வி.யில் மாட்டி விளையாடும் ஒரு பழைய கேம் பெட்டியால்.

அவள் மூக்குக் கண்ணாடிக் கடையின் பின்னறையில் லென்ஸ் தேய்க்கிறவள். சீட்டில் எழுதியிருக்கும் அளவுக்கு லென்ஸை அறுத்து, ஓரம் தேய்த்து, ஃபிரேமில் உட்கார வைக்க வேண்டும். மையம் ஒரு மில்லிமீட்டர் தள்ளினால் போட்டுக்கொள்பவருக்குத் தலைவலி, அவர் திரும்பி வந்தால் கடைக்காரருக்குத் தலைவலி, கடைசியில் அது இவள் தலையில் விடியும். எட்டு மணி நேரம் அப்படிக் கண்ணை இடுக்கிக்கொண்டு இருந்துவிட்டு வருகிறவளுக்கு ஒரே ஓய்வு, சோபாவில் காலை நீட்டிக்கொண்டு பனிமலைப் பாதையில் மரம் ஏற்றிய லாரி ஓட்டுவது. அந்த லாரி அந்தப் பெட்டிக்குள்தான் இருந்தது.

பெட்டியைச் செய்த கம்பெனி அதைச் செய்வதை நிறுத்தி எட்டு வருஷம் ஆகிவிட்டது. விளையாட்டு விற்ற இணையக் கடையையும் போன வருஷம் மூடிவிட்டார்கள். இருந்தாலும் ஓடிக்கொண்டிருந்த பெட்டி, ஒரு காலையில் உள்ளேயிருந்து கரகரவென்று சத்தம் போட்டு நின்றுவிட்டது. ஃபிரேம் திருகாணி முடுக்கும் குட்டி ஸ்குரூ டிரைவரால் அவளே அதைப் பிரித்து, செத்துப்போன ஹார்டு டிஸ்கைக் கழற்றிவிட்டுப் புதியது போட்டாள். பெட்டி பிழைத்துக்கொண்டது. ஆனால் பிறந்த குழந்தை மாதிரி ஒன்றும் தெரியாமல் விழித்தது. ஒரு விளையாட்டும் இல்லை.

வாங்கிய விளையாட்டுகளை மறுபடி இறக்கிக்கொள்ளலாம். அதற்கும் கம்பெனி கெடு வைத்திருந்தது. இந்த மாதம் முப்பதாம் தேதியோடு அதுவும் நின்றுவிடும். பன்னிரண்டு நாள்தான் பாக்கி. கணக்கோ அண்ணன் பேரில். பெட்டி வாங்கியபோது அவள் பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தாள், அவன் தன் மின்னஞ்சலைப் போட்டு ஆரம்பித்தான். பிற்பாடு பாதி விளையாட்டுகளை அவள்தான் தன் சம்பளத்தில் வாங்கினாள், எல்லாம் அதே கணக்கில். பழைய டிஸ்குக்குப் பாஸ்வேர்டு ஞாபகம் இருந்தது. புதியதற்கு இல்லை.

அண்ணிக்குத்தான் போன் செய்தாள்.

"அண்ணி, நான்தான். கேம் பெட்டியோட பாஸ்வேர்டு வேணும். அண்ணன்கிட்ட கேட்டுச் சொல்லுங்க."

அண்ணி போனைக் கையால் பொத்தினாள். பொத்தியதாக நினைத்தாள் என்று சொல்ல வேண்டும். "உங்க அருமைத் தங்கச்சி. இப்பதான் உறவு ஞாபகம் வந்திருக்கு" என்பது தெளிவாகக் கேட்டது. பிறகு இந்தப் பக்கம் திரும்பி, "பாஸ்வேர்டைச் சொல்ல மாட்டாராம். வேணும்னா பெட்டியை இங்க எடுத்துட்டு வரணுமாம். அவரே அடிச்சுத் தருவாராம்" என்றாள்.

வேண்டாம் என்று வைத்துவிடத்தான் சின்னவள் நினைத்தாள். ஆனால் 'அவன் தரவில்லை, அதனால் இல்லை' என்று காலமெல்லாம் சொல்லிக்கொண்டிருப்பதை நினைத்தால் இன்னும் பற்றிக்கொண்டு வந்தது. "ஞாயித்துக்கிழமை வரேன்" என்றாள்.

சண்டைக்குக் காரணம் அவர்கள் அப்பா. மூன்று வருஷத்துக்கு முன்னால், வயிற்றுக்குள் ரத்தக் குழாய் வீங்கி வெடிக்கும் நிலையில் அவரை ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். ஆபரேஷன் செய்தால் பிழைக்கலாம், பிழைக்காமலும் போகலாம், அரை மணி நேரத்தில் முடிவு சொல்லுங்கள் என்று டாக்டர் காகிதத்தை நீட்டினார். அண்ணனுக்கு ஏழு தடவை போன் அடித்தாள். எடுக்கவில்லை. ஒரு செய்தி மட்டும் வந்தது: 'லிஃப்டுல ஆள் மாட்டிக்கிட்டாங்க. வர முடியல. நீ பாத்துக்கோ.' அவன் லிஃப்ட் மெக்கானிக். அவள் கையெழுத்துப் போட்டாள். அப்பா ஆபரேஷன் மேஜையிலேயே போய்விட்டார்.

துக்கம் கேட்க வந்தவர்களிடம் அண்ணன் சொன்னான்: "நான் வர்றதுக்குள்ள அவசரப்பட்டுக் கையெழுத்துப் போட்டுட்டா. நான் இருந்திருந்தா விட்டிருக்க மாட்டேன்." அந்தப் பேச்சு சொந்தக்காரர்கள் வீடு வீடாகப் போயிற்று. அண்ணி தன் பங்குக்கு லிஃப்டையும் சேர்த்து அனுப்பினாள். மாட்டிக்கொண்ட இரண்டு பேர் நாளாவட்டத்தில் ஐந்து பேரானார்கள், அதில் ஒருத்தி நிறைமாதக் கர்ப்பிணி ஆனாள். ஐந்து உயிரைக் காப்பாற்றிய அண்ணன், ஒரு உயிரைக் கையெழுத்துப் போட்டு அனுப்பிய தங்கை. அதற்குமேல் அவனோடு பேச அவளுக்கு என்ன இருந்தது?

ஞாயிற்றுக்கிழமை பத்து மணிக்கு அண்ணன் கதவைத் திறந்தான். வா என்று சொல்லவில்லை.

"ஒயரெல்லாம் கொண்டாந்தியா?"

"கொண்டாந்தேன்."

மூன்று வருஷம் கழித்து இருவரும் பேசிய முதல் பேச்சு இதுதான்.

டி.வி.யில் பெட்டியை மாட்டினாள். அண்ணன் கன்ட்ரோலரை வாங்கி, பரீட்சையில் பேப்பரை மறைக்கிற பையன் மாதிரி முதுகைக் காட்டிக்கொண்டு, ஒவ்வொரு எழுத்தாகப் பாஸ்வேர்டை அடித்தான். திரையில் 'ஏற்கெனவே வாங்கியவை' என்று தலைப்புப் போட்டு வரிசையாக வந்தது. மொத்தம் முப்பத்தொன்று. ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் வாங்கிய தேதியும் நேரமும். அவன் மேலே இருந்த தன் கார் ரேஸ் இரண்டை முதலில் தட்டினான்.

"அது எதுக்கு இப்ப? நான் கேக்கறதைப் போடு."

"கணக்கு யார் பேர்ல இருக்கு?"

"வாங்கினது யாரு?"

"கேஸ் போடு போ" என்று அவன் இன்னொன்றையும் தட்டினான்.

கம்பெனிக்காரன் கடைசி நாட்களில் சர்வரைக் கவனிப்பதை விட்டுவிட்டான் போலும். நூற்றுக்கு ஒன்று ஏறவே இரண்டு நிமிஷம் ஆனது. நடுவில் அறுந்தால் முதலிலிருந்து ஆரம்பிக்கும். பெட்டியைத் தன் கணக்கு திறந்திருக்கிற நிலையில் அவளோடு அனுப்ப அவன் தயாராக இல்லை, அவன் கையில் பெட்டியை விட்டுவிட்டுப் போக அவளும் தயாராக இல்லை. சோபாவின் இந்த மூலையில் ஒருவர், அந்த மூலையில் ஒருவர். அண்ணி சமையலறையில் தட்டுகளை வேண்டுமென்றே ஓங்கி ஓங்கி அடுக்கினாள். பிறகு ஒரே ஒரு டம்ளரில் டீ கொண்டுவந்து அண்ணன் பக்கத்தில் வைத்தாள்.

"நீ டீ குடிக்கறதில்லைல்ல?" என்றாள் சின்னவளிடம்.

"இங்க குடிக்கறதில்லை, அண்ணி."

மத்தியானம் அவன் எழுந்து குளியலறைக்குப் போனான். சின்னவள் கன்ட்ரோலரை எடுத்து, பட்டியலைக் கீழே தள்ளிக்கொண்டே போய் லாரி விளையாட்டைத் தட்டினாள். அது கடைசிக்கு முந்தியது. அதற்கும் கீழே ஒன்று இருந்தது. ஏரியில் மீன் பிடிக்கிற விளையாட்டு. அவள் வாங்கியதில்லை. பெட்டி அவளிடம் இருந்த மூன்று வருஷமும் அதை அவள் பார்த்ததில்லை. வாங்கி, இறக்கி, பிறகு யாரோ அழித்திருக்க வேண்டும்.

பக்கத்தில் இருந்த தேதியைப் பார்த்தாள். அப்பா போன தேதி. நேரம், காலை பதினொன்று நாற்பத்திரண்டு.

அவள் கையெழுத்துப் போட்டது பதினொன்றரைக்கு. காகிதத்தில் நேரமும் எழுதச் சொல்லியிருந்தார்கள், அதனால் அவளுக்கு மறக்கவில்லை. அப்போது இந்தப் பெட்டி அப்பா வீட்டுக் கூடத்தில் இருந்தது, காரியம் முடிந்த பிறகுதான் அவள் அதை எடுத்துக்கொண்டு தனியாக வந்தாள். அண்ணனும் அண்ணியும் அப்போது அங்கேதான் குடியிருந்தார்கள்.

அவன் கையைத் துடைத்துக்கொண்டே வந்தான். அவள் எழுந்து நின்று திரையைக் காட்டினாள்.

"இது என்ன?"

அவன் பார்த்தான். பார்த்த உடனே, துடைத்த கையை மறுபடி துடைக்க ஆரம்பித்தான்.

"ஏதோ... கணக்குல தப்பா காட்டுது. பழைய சர்வரு."

"முப்பது கேமுக்கும் தேதி சரியா காட்டுது. இது ஒண்ணுக்கு மட்டும் தப்பா காட்டுதா? எந்த லிஃப்டுக்குள்ள உக்காந்து மீன் பிடிச்சே?"

"வாயை அடக்கிப் பேசு. இப்பவே எல்லாத்தையும் நிறுத்திட்டு வெளிய போட்டுருவேன்."

"போடு. போட்டோ எடுத்துட்டேன்." உண்மையில் எடுக்கவில்லை. சொன்ன பிறகுதான் போனை எடுத்து எடுத்தாள். அவன் தடுக்கவில்லை.

சத்தம் கேட்டு அண்ணி ஈரக் கையோடு வந்தாள். திரையைப் படித்தாள். அவளுக்குச் சற்று நேரம் பிடித்தது. "அன்னிக்கு நான் எங்க அம்மா வீட்ல இருந்தேன்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். பிறகு புருஷனைப் பார்த்து, "லிஃப்டுல ஆளு மாட்டிக்கிட்டாங்கன்னு என்கிட்டயும்தானே சொன்னீங்க? ஊர் பூரா நான் சொல்லிட்டு வந்தேனே. அந்தக் கர்ப்பிணி?" என்றாள்.

"கர்ப்பிணி நீயா சேத்துக்கிட்டது" என்றான் அவன்.

அண்ணி உள்ளே போய்ப் படுக்கையறைக் கதவைச் சாத்தினாள். தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது.

அண்ணன் சோபாவில் உட்கார்ந்தான். "பயமா இருந்துச்சு" என்றான். "சட்டை போட்டேன். வண்டிச் சாவியை எடுத்தேன். கதவு வரைக்கும் போனேன். கால் வரலை. திரும்ப வந்து உக்காந்துட்டேன். கை சும்மா இருக்கலை. எதையோ தட்டினேன், அதை வாங்கிருச்சு."

"பயந்ததுக்கு உன்னை நான் ஒண்ணும் கேக்கலை. எனக்கும்தான் பயமா இருந்துச்சு. பழியை ஏன் என் மேல போட்டே?"

"நீ எங்கடா இருந்தேன்னு யாராவது கேட்டுருவாங்களோன்னு இருந்துச்சு. அதான் முந்திக்கிட்டேன்."

ஏதாவது பெரிய காரணம் சொல்வான் என்று அவள் எதிர்பார்த்திருந்தாள். இத்தனை சின்னதாக இருக்கும் என்று நினைக்கவில்லை. ஓங்கி அறையலாம் போலிருந்தது.

"அத்தைக்குப் போன் போடு. இப்பவே. ஸ்பீக்கர்ல."

சொந்தத்தில் எந்தப் பேச்சும் அப்பாவின் அக்காவான அத்தையிடம் போய்த்தான் ஊர்வலம் கிளம்பும். அவன் மறுத்தான். அவள் குடும்பக் குழுவைத் திறந்து, போட்டோவைச் சேர்த்து, அனுப்பும் பொத்தானுக்கு மேல் கட்டைவிரலை வைத்துக் காட்டினாள். அவன் அத்தையின் எண்ணைத் தட்டினான்.

"என்னடா அதிசயமா?"

"அத்தை... அப்பாவுக்கு ஆபரேஷன் அன்னிக்கு நான் லிஃப்டு வேலைக்குப் போகலை. வீட்லதான் இருந்தேன். தங்கச்சி மேல தப்பில்லை."

அத்தை சாவகாசமாகச் சொன்னாள்: "அது எனக்குத் தெரியுமேடா. அன்னிக்கு நான் வீட்டு போனுக்கு அடிச்சப்ப நீதானே எடுத்தே. ஒண்ணும் பேசாம வச்சே. மூச்சு விடற சத்தத்துலயே கண்டுபிடிச்சுட்டேன். உங்கப்பனுக்கும் உனக்கும் ஒரே மூச்சு."

சின்னவள் போனைப் பிடுங்கினாள். "தெரியுமா? மூணு வருஷமா தெரியுமா?"

"நீயும் அங்கதான் இருக்கியா?" அத்தையின் குரல் இறங்கியது. "என்னம்மா பண்றது. அவன் நாலு பேர் முன்னாடி தலை குனிஞ்சா அப்புறம் நிமிர மாட்டான். நீ அப்படி இல்லை. நீ எதையும் தாங்கிக்குவே."

"நான் தாங்குவேன்னு உங்ககிட்ட யார் சொன்னா?"

"அதில்லை கண்ணு..."

"என்னைக் கண்ணுன்னு கூப்பிடாதீங்க" என்று சொல்லி வைத்தாள். பிறகு போட்டோவைக் குடும்பக் குழுவில் போட்டு, அதற்குக் கீழே, 'அப்பா ஆபரேஷன் மேஜையில் இருந்தபோது அண்ணன் வீட்டில் இதை வாங்கினார். அத்தைக்கும் தெரியும்' என்று எழுதி அனுப்பிவிட்டாள்.

"போன் போட்டா அனுப்ப மாட்டேன்னியே" என்றான் அண்ணன்.

"அப்படி நான் சொல்லவே இல்லை."

அதோடு கிளம்பியிருக்கலாம். ஆனால் லாரி விளையாட்டு நூற்றுக்கு இருபதில் நின்றிருந்தது. அறுந்தால் முதலிலிருந்து. அவள் உட்கார்ந்தாள். அவனும் எழுந்து போகவில்லை, போக அவனுக்கு வேறு அறை இல்லை, அண்ணி தாழ்ப்பாள் போட்டிருந்தாள். போன் இரண்டும் மாறி மாறி அதிர்ந்தன, யாரும் எடுக்கவில்லை. சாயங்காலம் நாலரைக்கு நூறு ஆனது. அவள் ஒயரைச் சுருட்டிப் பெட்டியைப் பையில் வைத்துக்கொண்டு படியிறங்கினாள்.

மறுநாள் காலை, அவள் ஒரு லென்ஸின் ஓரத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தபோது அண்ணனிடமிருந்து செய்தி வந்தது. பாஸ்வேர்டு மட்டும். மன்னிப்பு, விளக்கம் எதுவும் இல்லை. அவளும் பதில் போடவில்லை. போடாவிட்டாலும் உபயோகித்துக்கொண்டாள். ஒவ்வொரு நாளும் வேலைக்குக் கிளம்பும் முன் இரண்டு, படுக்கப்போகும் முன் இரண்டு என்று தட்டிவிடுவாள், திரும்பிப் பார்க்கும்போது இறங்கியிருக்கும். அவன் வாங்கியவற்றையும் இறக்கினாள். மீன் பிடிக்கிறதை மட்டும் தொடவில்லை.

சொந்தக்காரர்களில் ஒரே ஒருவர், கடைசிச் சித்தப்பா, போன் செய்தார். "நானும் உன்னைத் தப்பா பேசிட்டேன், மனசுல வச்சுக்காதே" என்றார். வைத்துக்கொண்டுதான் இருக்கிறேன் என்றாள் அவள். மற்றவர்கள் எதுவுமே சொன்னதில்லை என்பது போல் இருந்துவிட்டார்கள். குழுவில் இரண்டு நாள் மயான அமைதி, மூன்றாம் நாள் யாரோ ஒரு பூவின் படத்தைப் போட்டுக் காலை வணக்கம் சொன்னார். அண்ணி தன் அம்மா வீட்டுக்குப் போய்ப் பத்து நாள் இருந்துவிட்டு வந்தாள் என்று கேள்வி.

முப்பதாம் தேதியோடு கம்பெனி சொன்னபடியே கதவைச் சாத்திவிட்டது. அடுத்த நாள் அண்ணன் போன் செய்தான். எடுப்பதா வேண்டாமா என்று நாலு தடவை மணியடிக்கும் வரை பார்த்துக்கொண்டிருந்துவிட்டு எடுத்தாள்.

"எல்லாம் இறங்கிருச்சா?"

"இறங்கிருச்சு."

"பாஸ்வேர்டை மாத்திக்கட்டுமா?"

"மாத்திக்கோ."

அவன் இன்னும் ஏதோ சொல்ல வாயெடுத்த மாதிரி இருந்தது. அவள் கேட்க நிற்கவில்லை. போனை மேஜையில் கவிழ்த்துவிட்டு, தண்ணீர்க் குழாயைத் திறந்து லென்ஸ் தேய்க்கும் மிஷினைப் போட்டாள்.