ஐந்து மைலுக்கு அப்பால்

என் அக்கா சில்லா யார்க்ஷயரில் பிறந்தவள். கடலை ஒரே ஒருமுறை பார்த்திருக்கிறாள், அதுவும் மழை நாளில். ஆனாலும் சட்டப்படி அவள் ஜெர்மன்காரி. எங்கள் ஊரில் பன்றிக்கறிக் கடை வைத்திருந்த ஜெர்மன்காரர் லோரென்ஸ் எக்னரைக் கட்டிக்கொண்ட அன்றே அப்படி ஆகிவிட்டாள். கல்யாணத்தன்று யாருக்கும் இது தோன்றவில்லை. போர் வந்ததும் போலீஸ் வந்து சொன்னது. இலையுதிர் காலத்தில் லோரென்ஸைக் கடல் தாண்டி ஐல் ஆஃப் மான் தீவிலிருக்கும் சிறைமுகாமுக்குக் கொண்டுபோனார்கள். சில்லாவைக் கடையோடு விட்டுவைத்தார்கள். ஒரே நிபந்தனை: அனுமதிச் சீட்டு இல்லாமல் வீட்டிலிருந்து ஐந்து மைலுக்கு அப்பால் போகக் கூடாது.

மாலை வகுப்பு ஆசிரியர் எங்களை நாட்குறிப்பு எழுதச் சொல்லியிருக்கிறார். நடந்ததை நடந்த வரிசையில் எழுத வேண்டும், நினைத்ததைத் தனியாக எழுத வேண்டும் என்பது அவர் விதி. எனக்கு இரண்டும் ஒன்றோடொன்று சிக்கிக்கொள்கின்றன. வரிசையை மட்டுமாவது காப்பாற்றப் பார்க்கிறேன்.

ஜெர்மன் நீர்மூழ்கி லூசிடானியா கப்பலை மூழ்கடித்ததற்கு அடுத்த வாரம், புதன்கிழமை, ரயிலில் போகவேண்டிய தூரத்திலிருக்கும் லீட்ஸ் மருத்துவமனையிலிருந்து தகவல் வந்தது. எங்கள் தம்பி ஏமோஸ் பெல்ஜியத்தில் ஜெர்மன்காரர்கள் விட்ட நச்சுப்புகையில் சிக்கிவிட்டான். நெஞ்சு கெட்டிருக்கிறது, கண்களில் கட்டுப் போட்டிருக்கிறது, சனிக்கிழமை உறவினர் வந்து பார்க்கலாம் என்று எழுதியிருந்தது. எங்கள் அம்மா இறந்தபோது ஏமோஸ் நடக்கப் பழகிக்கொண்டிருந்தான். அவனை வளர்த்தவள் சில்லா.

வியாழக்கிழமை சில்லாவுக்குச் சீட்டு கேட்க இருவரும் காவல் நிலையத்துக்குப் போனோம். சார்ஜென்ட் டென்பி கண்ணாடியை மூக்கில் இறக்கிவிட்டுக்கொண்டார்.

"பேரு?"

"என்ன டென்பி, தெரியாதா? பள்ளிக்கூடத்துல என் சிலேட்டைப் பாத்துக் கணக்குப் போட்டவன்தானே நீ?"

"கேக்கணும்னு விதி, சில்லா. பேரு?"

"சில்லா எக்னர்."

"எந்த நாடு?"

"மில் தெரு."

டென்பிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மீசையைத் தடவி மறைத்துக்கொண்டார். "ஜெர்மனின்னு போடறேன்."

"போட்டுக்கோ. அங்க மழை பெய்யுமான்னுகூட எனக்குத் தெரியாது."

எழுதி முடித்துவிட்டு அவர் பேனாவைக் கீழே வைத்தார். "இன்ஸ்பெக்டர் கையெழுத்து வேணும். கப்பல் போனதிலேருந்து அவர் ஒரு சீட்டையும் தொட மாட்டேங்கறார். அடுத்த வாரம் கேட்டுப் பாக்கறேன்."

"அடுத்த வாரம் வரைக்கும் தம்பி இருப்பானா?"

"அதை நான் எப்படி சொல்லுவேன்?" என்றார் டென்பி. அவர் எங்கள் முகத்தைப் பார்க்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் சில்லா கறி வெட்டும் பலகையைத் துடைக்க ஆரம்பித்தாள். துடைத்த இடத்தையே துடைத்தாள். தண்ணீர் மாற்றிக்கொண்டு வந்து மறுபடியும் துடைத்தாள்.

"நீ போய்ப் பாத்துட்டு வா, செலீனா. யாராவது ஒருத்தர் போனாப் போதும்."

"நீ போ. என்னோட கோட்டு, என்னோட தொப்பி. பேரு கேட்டா என் பேரைச் சொல்லு."

"பைத்தியமாடி உனக்கு?"

நான் முன்பே யோசித்து வைத்திருந்தேன். எங்கள் ஸ்டேஷனில் போர்ட்டருக்கு அவளைத் தெரியும். அதனால் அவள் கால்வாய்க் கரையோடு நடந்து அடுத்த ஸ்டேஷனில் ரயில் ஏறவேண்டும். நான் கடையைப் பார்த்துக்கொள்வேன். கேட்பவர்களிடம் அக்கா தலைவலியோடு மாடியில் படுத்திருக்கிறாள் என்பேன். இருட்டுவதற்குள் அவள் திரும்பிவிடலாம்.

"மாட்டினா எனக்கு ஜெயில். உனக்கு மில் ஆபீஸ் வேலை போயிடும்."

"மாட்டினாத்தானே."

இதை நான் தைரியமாகச் சொன்னதாக எழுதத் தோன்றுகிறது. உண்மையில் என் குரல் நடுங்கியது. அவளுக்கும் அது கேட்டிருக்கும். ஆனாலும் அவள் பலகையை விட்டுவிட்டு என் தொப்பியைத் தேடி எழுந்தாள்.

சனிக்கிழமை மதியம் மில் விட்டதும் பெண்கள் கிண்ணமும் துணியுமாக வரிசையில் வந்து நின்றார்கள். சூடான கறிச்சாறு, வேகவைத்த பட்டாணி, ஒரு துண்டு பன்றிக்கறி. போருக்கு முன்பு வரிசை தெரு முனை வரைக்கும் நிற்கும். அன்றைக்கு ஆறேழு பேர்தான். நான் ஊற்றிக்கொண்டே கடிகாரத்தைப் பார்த்தேன். பார்க்கக் கூடாது என்று திரும்பிக்கொண்டேன். அடுத்த கரண்டிக்குள் மறுபடியும் பார்த்தேன்.

"அக்கா எங்கம்மா?" என்றாள் மிஸஸ் ஹாய்ல். எதிர் வீட்டுக்காரி. அவள் காதுக்குள் போன செய்தி ஊரைச் சுற்றாமல் அடங்காது.

"தலைவலி. மேல படுத்திருக்கா."

"சத்தமே காணோமே. எப்பவும் தலைவலியோடவே யாரையாவது திட்டிட்டு இருப்பாளே?"

அப்போதுதான் தெரு முனையில் கூச்சல் கேட்டது. கீழ்த்தெரு மதுக்கடையிலிருந்து ஆட்கள் வந்தார்கள். பாதிப் பேர் எனக்கு முகம் தெரியாதவர்கள். ஒருவன் கையில் கொடி. மற்றவர்கள் கைகளில் என்ன இருந்தது என்று கிட்டே வந்த பிறகுதான் தெரிந்தது.

"ஜெர்மன்காரி! வெளிய வாடி!"

"கப்பல்ல செத்த கொழந்தைங்களுக்கு பதில் சொல்லு!"

வரிசையிலிருந்த பெண்கள் கலைந்தார்கள். மிஸஸ் ஹாய்ல் மட்டும் நகரவில்லை. கிண்ணத்தை நீட்டினாள். "மொதல்ல என் பட்டாணிய ஊத்து. காசு குடுத்தாச்சு. அப்புறம் அவங்க என்னமோ பண்ணிக்கட்டும்."

ஊற்றினேன். பாதி கிண்ணத்தில் விழுந்தது, பாதி மேசையில் சிந்தியது.

"எங்க அவ? மேலயா? வாங்கடா, மேல ஏறலாம்!"

மேலே ஏறினால் கட்டில் காலியாக இருக்கும். அவள் எங்கே என்று தேடுவார்கள். போலீஸ் வரும். மாலை ரயிலில் அவள் வந்து இறங்கும்போது ஸ்டேஷனில் டென்பி நிற்பார். இதெல்லாம் எனக்கு ஒரே நொடியில் தோன்றியதா, பிறகு யோசித்துச் சேர்த்துக்கொண்டேனா, நிச்சயமில்லை. ஆணியில் தொங்கிய சில்லாவின் ஏப்ரனை எடுத்துக் கட்டிக்கொண்டு வாசலுக்குப் போனேன்.

"நான்தான் எக்னர் பொண்டாட்டி. என்ன வேணும்?"

முன்னால் வந்தவர்கள் நின்றார்கள். ஜெர்மன்காரி எங்கள் ஊர்ப் பேச்சில் பேசியதை அவர்கள் எதிர்பார்க்கவில்லை போல. பிறகு கொடிக்காரன் கேட்டான், "உன் புருஷன்தானே கடலுக்கடியில படகு ஓட்டறான்?"

"எம் புருஷன் பன்னி அறுக்கறவர். தண்ணி கண்டாலே பயம் அவருக்கு."

யாரோ சிரித்தார்கள். அந்தச் சிரிப்புதான் கொடிக்காரனுக்குக் கோபத்தை மூட்டியது. முதல் கல் கண்ணாடியில். இரண்டாவது என் தோளில். மிஸஸ் ஹாய்ல் கிண்ணத்தை மார்போடு அணைத்துக்கொண்டு என்னையே பார்த்தாள். அவள் வாய் திறந்தது. "அடப்பாவிங்களா, அவ சில்லா இல்லடா, அவ..."

"மிஸஸ் எக்னர்!" என்று ஒரு பெரிய குரல் அவள் பேச்சை அமுக்கியது. டென்பி கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்தார். என் முகத்தைப் பார்த்தார், ஏப்ரனைப் பார்த்தார், தலைக்கு மேலே மாடி ஜன்னலைப் பார்த்தார். "மிஸஸ் எக்னர், உள்ள போங்க. உங்க பாதுகாப்புக்குத்தான் சொல்றேன். இது உத்தரவு." பிறகு திரும்பி, "மிஸஸ் ஹாய்ல், உங்க பட்டாணி ஆறுது. வீட்டுக்குப் போங்க," என்றார்.

மிஸஸ் ஹாய்ல் வாயை மூடிக்கொண்டாள். இதுவரை மூடியே வைத்திருக்கிறாள்.

டென்பி ஒருவரால் கடையைக் காப்பாற்ற முடியவில்லை. தொங்கிய பன்றித்தொடை ஹாம்களைத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். ஒருவன் சாசேஜ் சரத்தைக் கழுத்தில் போட்டுக்கொண்டு போனான். தராசு உடைந்தது. கூட்டம் போன பிறகு நான் கண்ணாடிச் சில்லுகளைப் பெருக்க ஆரம்பித்தேன். பெருக்கிய இடத்தையே பெருக்கிக்கொண்டிருந்தேன். இருட்டும் நேரத்தில் சில்லா பின்கதவு வழியாக வந்தாள்.

கடையைப் பார்த்தாள். என் தோளில் இருந்த காயத்தைப் பார்த்தாள். என் கையிலிருந்த துடைப்பத்தை வாங்கி வைத்துவிட்டு, துணியை வினிகரில் நனைத்து என் தோளில் வைத்தாள்.

"எப்படி இருக்கான்?"

"இருக்கான். பொழைச்சுக்குவான்னு நர்ஸ் சொன்னா. காதுக்குள்ள இன்னும் குண்டுச் சத்தம் கேக்குதாம். பாதிப் பேச்சு காதுல விழல அவனுக்கு."

"உன்னை அடையாளம் தெரிஞ்சுதா?"

"உங்க சின்னக்கா வந்திருக்காங்கன்னு நர்ஸ்தான் சொன்னா. சுத்தி அத்தனை பேரு. அப்படியே இருக்கட்டும்னு விட்டுட்டேன்."

"என்ன பேசினான்?"

அவள் துணியைத் திருப்பி வைத்தாள். "சாசேஜ் கேட்டான்."

நிலவறையில் தப்பிப் பிழைத்த கறி கொஞ்சம் இருந்தது. திங்கட்கிழமை சில்லா அதை அரைத்தாள். லோரென்ஸ் செய்யும் முறையிலேயே மிளகும் மார்ஜோரம் என்ற வாசனை இலையும் போட்டு, குடலில் அடைத்து, நிலவறைப் புகைக்கூண்டில் தொங்கவிட்டாள். வாரம் முழுவதும் இறங்கி இறங்கிப் போய்ப் பார்த்தாள். அனுமதிச் சீட்டைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. நான் பேசியபோது, "நீயே போயிட்டு வா," என்றாள். அவ்வளவு வேகமாகச் சொன்னது எனக்கு உறுத்தியது. ஆனால் என் தோளில் பட்ட கல்லுக்கு ஈடாக இந்த முறையை எனக்கு விட்டுக்கொடுக்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன்.

அடுத்த சனிக்கிழமை நான் லீட்ஸுக்குப் போனேன். இந்த முறை என் பெயரில், எங்கள் ஸ்டேஷனிலிருந்தே. ஏமோஸ் தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். கண்களில் கட்டு அப்படியே இருந்தது. சாசேஜ் சுற்றியிருந்த காகிதத்தைப் பிரித்ததும் மூக்கை நிமிர்த்தினான்.

"வந்துடுச்சா!"

கத்தியால் துண்டு போட்டுக் கொடுத்தேன். மெல்லும்போது இருமல் வந்தது. இருமி முடித்துவிட்டு மறுபடியும் மென்றான்.

"சின்னக்கா, போன வாரம் சொன்னேனே, அதைப் பெரியக்காகிட்ட சொன்னியா?"

"எதை?" அவன் காதருகில் குனிந்து கேட்டேன்.

"அதான். அவ இங்க வர வேணாம்னு." குரலைத் தாழ்த்திக்கொண்டான். "ஜெர்மன்காரன் பொண்டாட்டி என் அக்கான்னு இங்க தெரிஞ்சா நான் எப்படி இருப்பேன்? பக்கத்துக் கட்டில்ல இருக்கானே, அவன் அண்ணன் அந்தப் புகையிலதான் செத்தான். அன்னிக்கு நான் சொன்னப்ப நீ ஒரு வார்த்தை பேசலை. கையை மட்டும் பிடிச்சுக்கிட்டே இருந்தே. கோவமா உனக்கு?"

நான் கத்தியைக் காகிதத்தின் மேல் வைத்தேன். அவள் எந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள்? இதே நாற்காலியாகத்தான் இருக்கும். என் தொப்பியோடு, என் பெயரோடு.

"சொன்னியா இல்லையா?"

"அவளுக்குத் தெரியும்."

"என்ன சொன்னா?"

"ஒண்ணும் சொல்லலை. இதைச் செஞ்சு குடுத்தா."

அவன் மெல்லுவதை நிறுத்தினான். வாயில் இருந்ததை விழுங்க அவனுக்கு நேரமாயிற்று. பிறகு கையை நீட்டி என் கையைத் தேடினான். விரல்களைத் தடவிப் பார்த்தான். என் விரல்களில் மைக்கறை படிந்த மெல்லிய தோல்தான் இருக்கும். கறிக் கத்தி பிடித்த காய்ப்பு இருக்காது.

"போன வாரம் இந்தக் கை இல்ல," என்றான்.

நான் மறுபடியும் கத்தியை எடுத்து இன்னொரு துண்டு நறுக்கினேன். உண்மையைச் சொல்லியிருக்க வேண்டுமோ என்று இன்னும் தெரியவில்லை.

பக்கத்துக் கட்டில்காரன் முழங்கையை ஊன்றி எழுந்தான். "என்ன நண்பா, வாசனை தூக்குது. எங்களுக்கெல்லாம் கிடையாதா?"

ஏமோஸ் காகிதத்தைத் தடவி ஒரு துண்டை எடுத்து அந்தப் பக்கம் நீட்டினான். அவன் அதை வாங்கி வாயில் போட்டுக்கொண்டான். "அடேயப்பா! எந்தக் கடை இது?"

ஏமோஸின் மார்பு ஏறி இறங்கியது. நான் அவன் தோளைத் தொட்டேன். சொல்ல வேண்டாம் என்றுதான் தொட்டேன் என்று நினைக்கிறேன்.

"எக்னர் கடை," என்றான் ஏமோஸ். வார்டு முழுவதும் கேட்கும்படி, காது கேட்காதவன் பேசும் உரத்த குரலில். "எங்க பெரியக்கா கடை. அவ புருஷன் ஜெர்மன்காரன்."

பக்கத்துக் கட்டில்காரன் வாய் அசைவது நின்றது. எதிர் வரிசையில் இருவர் தலையைத் திருப்பினார்கள்.

"சின்னக்கா," என்றான் ஏமோஸ், முன்னைவிட உரக்க, "அடுத்த சனிக்கிழமை அவளை வரச் சொல்லு."

"அவளுக்குச் சீட்டு வேணும், ஏமோஸ்."

"டென்பிகிட்ட திரும்பக் கேக்கச் சொல்லு. தினமும் போய்க் கேக்கச் சொல்லு."

பக்கத்துக் கட்டில்காரன் எதையும் துப்பவில்லை, விழுங்கவும் இல்லை. நான் மீதியைக் காகிதத்தில் சுற்றி ஏமோஸின் மடியில் வைத்துவிட்டு எழுந்தேன். அடுத்த ரயில் பிடித்தால் டென்பி வேலை முடிந்து கிளம்புவதற்குள் அக்காவைக் காவல் நிலையத்துக்குக் கூட்டிக்கொண்டு போய்விடலாம்.