அச்சில் இல்லாத எட்டு வரி

வில்லியனூரில் ஜவுளிக்கடை வைத்திருந்த கமருதீனுக்குத் துணி விற்பதைவிடச் சேதி எழுதுவதில்தான் பெருமை. புதுச்சேரி வாரப் பத்திரிகை ஒன்றுக்கு அவர்தான் உள்ளூர் நிருபர். காலை ரயிலில் பத்திரிகை வந்ததும் கடைவாசலில் உட்கார்ந்து, படிக்கத் தெரியாதவர்களுக்கெல்லாம் உரக்கப் படித்துக் காட்டுபவரும் அவர்தான்.

ஏரி மதகில் தண்ணீருக்காக அடிதடி நடந்தபோது இரண்டு வீட்டுக்கும் போனார். கை முறிந்த சிங்காரவேலு சொன்னது எட்டு வரி. மண்வெட்டிக் காம்பால் அடித்த தணிகைவேல் சொன்னது எட்டு வரி. எண்ணித்தான் அனுப்பினார். துணி அளக்கும் கஜக்கோலைப் பிடித்த கை யார் பக்கமும் இழுக்காது என்று மனுஷருக்கு அப்படி ஒரு நினைப்பு.

அந்த வாரம் பத்திரிகையைப் பிரித்தவருக்குத் தூக்கிவாரிப்போட்டது. சிங்காரவேலுவின் எட்டு வரி அப்படியே இருந்தது. தணிகைவேலின் எட்டு வரி இருக்க வேண்டிய இடத்தில் கூந்தல் தைல விளம்பரம். இடம்தான் போதவில்லையோ, சந்தா கட்டும் பண்ணைக்காரர் சிங்காரவேலு மேல் மரியாதையோ, யார் கண்டது? எதிரே தணிகைவேல் அவர் வாயையே பார்த்தபடி குந்தியிருந்தான். மறுநாள் கோர்ட்டில் அவன் வழக்கு.

கமருதீனுக்கு மனசு கேட்கவில்லை. அச்சில் இருந்ததைப் படித்த கையோடு, தாம் எழுதியனுப்பிய மற்ற எட்டு வரியையும் மனப்பாடமாகச் சேர்த்து ஒப்பித்துவிட்டார். "மூன்று நாளாக மதகை அடைத்து வைத்தவர் சிங்காரவேலுவே, முதலில் கடப்பாரையை ஓங்கியவரும் அவரே என்கிறார் தணிகைவேல்..."

தணிகைவேல் முகம் மலர்ந்தது. "அந்தப் பேப்பர குடுங்க பாய். நாளைக்கு ஜட்ஜு தொரகிட்ட காட்டுறேன். நான் சொன்னா நம்ப மாட்டாரு. அச்சுல இருந்தா நம்புவாரு இல்ல?"

நீட்டிய கையைப் பார்த்ததும் கமருதீன் பத்திரிகையை மடித்து மடியில் வைத்துக்கொண்டார். கொடுத்தால், எதிராளியின் பேச்சை அவனே கொண்டுபோய் நீதிபதியிடம் நீட்டுவான்.

"இதுல உன் பேச்சு இல்லப்பா. நான் எழுதினேன், அவங்க போடல. மனசுலேர்ந்துதான் சொன்னேன்."

தணிகைவேல் கோபப்படவில்லை. நீட்டிய கையை மெல்ல மடக்கிக்கொண்டான்.

"அப்போ போன மாசம் காலரா சேதி படிச்சீங்களே, அது? கரும்பு வெல படிச்சீங்களே, அது? பத்து வருசமா கேக்குறோம் பாய். அதுல பேப்பர் எது, நீங்க எது?"

காலராவில் ஒன்பது பேர் செத்ததாக அச்சில் இருந்தது. ஜனங்கள் பயந்துவிடுவார்களே என்று நாலு பேர் எனப் படித்துக் காட்டியிருந்தார். அது அவருக்கு இப்போதுதான் ஞாபகம் வந்தது. வெட்கத்தில் தலை தாழ்ந்தது. கடைவாசலில் இருந்த அத்தனை பேரும் பதிலுக்காகக் காத்திருந்தார்கள்.