அண்ணன் வேடம்

சம்பத் தாம்பரத்தில் ரயில்வே குமாஸ்தா. சபா நாடகங்களில் நடித்துக்கொண்டிருந்தவனுக்குத் தொண்ணூற்றிரண்டில் ஒரு தொலைக்காட்சித் தொடரில் அண்ணன் வேடம் கிடைத்தது. தகப்பனில்லாத தங்கையை வளர்த்து ஆளாக்குகிற அண்ணன்.

வீட்டிலும் அவனுக்கு ஒரு தங்கை இருந்தாள், தனம். கல்யாணமான மறுவருஷமே புருஷனை விபத்தில் பறிகொடுத்துவிட்டு வந்தவள். சம்பத் பெண் பார்க்கப் போன இடங்களிலெல்லாம், "தங்கச்சியும் கூடவேதான் இருப்பாங்களா?" என்று கேட்டார்கள். அதோடு பேச்சு நின்றுபோகும். நாற்பதை நெருங்கிவிட்டான். தனத்திடம் ஒரு சொல் கடிந்து பேசியதில்லை. அவனுக்கு வசனம் படித்துக்காட்டி ஒத்திகை பார்ப்பவளே அவள்தான்.

தொடரில் அந்த அண்ணன் கொஞ்சம் கொஞ்சமாகக் கெட்டுப்போனான். முதலில் தங்கையிடம் சின்னப் பொய். பிறகு அவள் நகையை விற்றான். பிறகு அவளைப் பற்றி ஊரில் இல்லாததும் பொல்லாததும் சொன்னான்.

"இன்னா சம்பத்து, கூடப் பொறந்தவள இந்தப் பாடு படுத்தற?" என்று பக்கத்து வீட்டு முனியம்மா சண்டைக்கே வந்தாள். தனம் விழுந்து விழுந்து சிரித்தாள்.

தங்கையைத் துரத்தும் காட்சியில், எழுதியிருந்தது 'போ வெளியே' மட்டும்தான். சம்பத் அதோடு நிறுத்தவில்லை. "உன்னால நான் வாழவே இல்ல. உன் மூஞ்சியப் பார்த்துக்கிட்டே கெழவனாயிட்டேன்" என்றான். குரல் உடைந்தது. டைரக்டர் கைதட்டினார். அதை வெட்டிவிடச் சொல்லி சம்பத் கெஞ்சினான். அவர் கேட்கவில்லை.

ஒளிபரப்பு முடிந்ததும் தனம் டி.வி.யை அணைத்தாள்.

"நான் படிச்சுக் காட்டினப்போ இது இல்லையேண்ணா?"

"டைரக்டர் அங்கேயே சேர்த்தாரும்மா."

அவள் அவன் முகத்தையே பார்த்தாள். அவன் தலை தானாகக் குனிந்தது.

"சாப்பிட வாங்க" என்றாள்.

அந்த மாதமே வண்டலூரில் ஒரு நர்சரிப் பள்ளியில் வேலை தேடிக்கொண்டு, பெண்கள் விடுதிக்குப் போய்விட்டாள். கிளம்பும்போது அவள் முகத்தில் கோபமே இல்லை. அதுதான் அவனைக் கொன்றது.

கடைசி வாரம் தொடரின் அண்ணன் திருந்தினான். தங்கை காலில் விழுந்து அழுதான். மறுநாள் காலை சம்பத் விடுதி வாசலில் நின்றான்.

"வீட்டுக்கு வாம்மா. அன்னைக்கு நான் சொன்னது..." கண்ணீர் கொட்டியது.

தனத்துக்கும் கண் கலங்கியது. முந்தானையால் துடைத்துக்கொண்டாள்.

"நேத்து பார்த்தேண்ணா. இதே மாதிரிதான் அழுதீங்க."

பள்ளிக்கு நேரமாகிறது என்று அவள் நடந்தாள். தெருமுனையில் திரும்பிப் பார்த்தாள். பிறகு போய்விட்டாள்.

அதன்பின் சம்பத் எந்த வேடமும் ஏற்கவில்லை. பொங்கலுக்குப் பொங்கல் தனம் வந்து, அவனுக்குச் சமைத்துப் போட்டுவிட்டு, இருட்டுவதற்குள் ரயிலேறிவிடுவாள்.