முட்டையாகிப்போன அப்பம்

மான்மவுத் ஜங்ஷன் தமிழ்ச் சபையின் ஈஸ்டர் பூசைக்காக ஜோசபின் பூவேலை செய்த பீடத்துணியை விரித்ததும், முன்வரிசைப் பிள்ளைகள் "ஈஸ்டர் எக்!" என்று சிரித்தார்கள். துணியின் நடுவில் வட்டமாகத் தைத்திருக்கவேண்டிய நற்கருணை அப்பம் முட்டையாய் நீண்டு கிடந்தது.

"ஆண்ட்டி கண்ணாடி மாத்தணும் போல," என்றான் கமிட்டித் தலைவன் ஷைன், எல்லார் காதிலும் விழும்படி.

ஜோசபினுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இழை எண்ணிப் போடும் தையலுக்கு, நெடுக்கிலும் குறுக்கிலும் இழைகள் ஒரே நெருக்கமாய் ஓடும் துணிதான் வேண்டும், இல்லாவிட்டால் வட்டம் ஒரு பக்கம் நீண்டுவிடும் என்று கரடியாய்க் கத்தியிருந்தாள். "வெள்ளைத் துணி எல்லாம் ஒண்ணுதான் ஆண்ட்டி" என்று ஏதோ பெட்ஷீட் துணியை அவள் தலையில் கட்டியவன் இவன். பாதியிலேயே வட்டம் நீளுகிறதென்று காட்டியபோது, "தூரத்துல இருந்து யாருக்குத் தெரியும், ஃபினிஷ் பண்ணிடுங்க" என்றவனும் இவனேதான்.

துணியை அவன் மூக்குக்கு நேரே பிடித்தாள்.

"எண்ணிப் பாரு ஷைன். மேலேருந்து கீழ எத்தனை இழையோ, குறுக்கவும் அத்தனைதான். என் கண்ணு சரியாத்தான் எண்ணியிருக்கு."

பிள்ளைகளின் சிரிப்பு அடங்கியது. ஷைன் குரலைத் தாழ்த்தினான்.

"விடுங்க ஆண்ட்டி, அடுத்த வருஷம் பாத்துக்கலாம்."

"அடுத்த வருஷம் துணிய நான் வாங்கிக்கிறேன். அந்தக் கண்ணாடிய நீ வாங்கி மாட்டிக்கோ."